கூண்டு வண்டியில் சாமான் போனது, பெண்கள் நடந்து போனார்கள்

கௌபாய் காமிக்ஸ் படித்து வளர்ந்தவர்களுக்கும் பழைய ஹாலிவுட் படங்கள் பார்த்தவர்களுக்கும் இந்தக் காட்சி ரொம்பப் பழக்கம். வெள்ளைக் கித்தான் போர்த்திய கூண்டு வண்டிகள் வரிசையாகப் புல்வெளியில் போகும். முன்பலகையில் புருஷன் கடிவாளத்தைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பான், பக்கத்தில் துணிக்குல்லாய் கட்டிய மனைவி, மடியில் குழந்தை. கொஞ்ச நேரத்தில் குன்றின்மேல் செவ்விந்தியர்கள் தலை தெரியும், வண்டிகள் வட்டமாக நிற்கும், துப்பாக்கி வெடிக்கும். 1840-களிலும் 1850-களிலும் அமெரிக்கக் குடும்பங்கள் புது நிலம் தேடி மேற்கே ஓரிகனுக்குப் போன பயணம்தான் அது. இந்தக் காட்சியில் வண்டி மட்டும்தான் ஏறக்குறைய சரி.

வண்டியிலிருந்தே ஆரம்பிக்கலாம். அதன் பெட்டி சுமார் 10 அடி நீளம், 4 அடி அகலம், அதாவது ஒரு பெரிய கட்டில் அளவு. அதற்குள் ஒரு குடும்பத்துக்கு ஆறு மாதச் சாப்பாடு, சட்டி பானை, படுக்கை, கலப்பை, கோடாரி, விதை, துப்பாக்கி, மாற்று அச்சு, வண்டி மை எல்லாம் ஏற வேண்டும். ஓர் ஆளுக்கு 150 முதல் 200 பவுண்டு மாவு, 150 பவுண்டு பேக்கன் (உப்பிட்ட பன்றிக்கறி), 20 பவுண்டு சர்க்கரை, 10 பவுண்டு காப்பிக்கொட்டை என்பதுதான் அன்று வழக்கமாகச் சொன்ன கணக்கு. ஐந்தாறு பேர் உள்ள குடும்பத்துக்கு இதைப் பெருக்கிப் பாருங்கள், மாவு மூட்டையிலேயே பாதி வண்டி நிறைந்துவிடும். மொத்தத்தில் ஒரு டன்னுக்குக் கொஞ்சம் கூடுதலாக ஏற்றலாம், அதற்குமேல் ஏற்றினால் மாடு செத்துவிடும். நம்மூர் வில்வண்டிக்கு இருந்த வில்கூட இதற்குக் கிடையாது. அச்சுமேல் நேராகப் பெட்டி, சக்கரம் ஒரு கல்லில் ஏறி இறங்கினால் முதுகுத்தண்டு வரைக்கும் தெரியும். ஆகவே உட்காரவும் இடமில்லை, உட்கார்ந்தாலும் தாங்காது. நோயாளிகள், கைக்குழந்தைகள், பிரசவமானவர்கள் தவிர மற்றவர்கள் பெரும்பாலான நாட்களில் நடந்தார்கள், சுமார் 2,000 மைல்.

இன்னொன்று, பெரும்பாலான வண்டிகளை இழுத்தவை குதிரைகள் அல்ல, எருதுகள். விலை குறைவு, கிடைக்கிற புல்லைத் தின்னும், திருட்டுப்போகும் பயமும் கம்மி. நுகத்தில் பூட்டிய அந்த எருதுகளுக்குக் கடிவாளம் கிடையாது, ஓட்டுகிறவர் இடப்பக்கம் சாட்டையோடு கூடவே நடக்க வேண்டும். எருதின் நடை மணிக்கு இரண்டு மைல், ஒரு நல்ல நாளில் 15 மைல் தேறும். அப்புறம் கணக்குப் போட்டால் நாலு முதல் ஆறு மாதம் ஏன் ஆனது என்று புரிந்துவிடும்.

பாதை மிசௌரி மாநிலத்தின் இண்டிபெண்டன்ஸ் போன்ற ஆற்றங்கரை ஊர்களில் தொடங்கியது. பிளாட் ஆற்றின் கரையோடே வாரக்கணக்கில் மேற்கே போய், சிம்னி ராக் என்ற ஒற்றைப் பாறைத் தூணைத் தாண்டி, ஃபோர்ட் லாரமி என்ற கோட்டையில் கொஞ்சம் மூச்சு வாங்கி, சவுத் பாஸ் என்ற அகலமான கணவாய் வழியாக ராக்கி மலையைக் கடந்து, பிறகு ஸ்னேக் ஆறு, கொலம்பியா ஆறு, கடைசியில் ஓரிகனின் வில்லாமெட் பள்ளத்தாக்கு. வழியில் ஒரு கிளை கலிஃபோர்னியாவுக்குப் பிரியும், இன்னொன்று யூட்டாவுக்கு. ஏப்ரல் கடைசியில் புல் முளைத்தபின்தான் கிளம்ப முடியும், இல்லாவிட்டால் மாட்டுக்குத் தீனி இல்லை. அக்டோபருக்குள் கடைசி மலையைத் தாண்டிவிட வேண்டும், இல்லாவிட்டால் பனி. ஜூலை 4-க்குள் இண்டிபெண்டன்ஸ் ராக் என்ற பெரிய பாறையை எட்டிவிட்டால் சரியான கணக்கில் போகிறோம் என்று அர்த்தம். ஏப்ரல் புல்லுக்கும் அக்டோபர் பனிக்கும் நடுவே மாட்டிக்கொண்டதுதான் இந்தப் பயணத்தின் எல்லாக் கொடுமைகளுக்கும் மூலம். யாருக்காகவும் எதற்காகவும் நிற்க நேரம் கிடையாது, பிரசவத்துக்கும் சாவுக்கும்கூட.

1836-இல் நார்சிஸா விட்மன், எலைஸா ஸ்பால்டிங் என்ற இரண்டு மிஷனரி மனைவிகள் சவுத் பாஸைத் தாண்டினார்கள், அந்த வழியாக ராக்கி மலையைக் கடந்த முதல் வெள்ளைப் பெண்கள் அவர்கள்தான். பெண்கள் போக முடிந்த பாதை என்றால் குடும்பங்களும் போகலாம் என்ற எண்ணம் அதற்குப் பிறகு வந்தது. 1843-இல் ஒரே பருவத்தில் சுமார் 1,000 பேர் ஓரிகனுக்குக் கிளம்பினார்கள். 1840-க்கும் 1860-க்கும் இடையில் இந்தப் பாதைகளில் மேற்கே போனவர்கள் மொத்தம் மூன்று லட்சம் அளவில் இருக்கும். 1849-இல் தங்கம் தேடி கலிஃபோர்னியாவுக்கு ஓடியவர்களில் மிகப்பெரும்பாலும் ஆண்கள், அவர்களில் பலர் திரும்பி வரும் எண்ணத்தோடு போனவர்கள். ஓரிகன் வேறு மாதிரி. அங்கே குடும்பங்கள் போயின, தொட்டில் முதல் கிழவி வரை, திரும்பி வரும் எண்ணமே இல்லாமல்.

ஏன் போனார்கள்? 1837-இல் அடித்த பொருளாதார நெருக்கடி, விழுந்த விளைபொருள் விலை, மிசிசிப்பி, மிசௌரி ஆற்றங்கரைகளில் வருஷா வருஷம் வாட்டிய மலேரியாக் காய்ச்சல், மேற்கே நிலம் சும்மா கிடைக்கும் என்ற பேச்சு. இதெல்லாம் பாடப்புத்தகக் காரணங்கள், சரியான காரணங்களும்தான். எனக்கு முக்கியமாகப் படுவது வேறு கேள்வி. யார் முடிவெடுத்தது? பெண்கள் எழுதிவைத்த நாட்குறிப்புகளையும் கடிதங்களையும் படித்தால் ஒரே விஷயம் திரும்பத் திரும்ப வருகிறது: கணவர் போவதாக முடிவு செய்துவிட்டார், அதனால் நானும் போகிறேன். அன்றைய சட்டப்படி கல்யாணமான பெண்ணுக்குப் பெரும்பாலும் தனிச் சொத்துரிமை கிடையாது, வீட்டை விற்கிறேன் என்று கணவர் சொன்னால் விற்றதுதான். உற்சாகமாகக் கிளம்பிய பெண்களும் இருந்தார்கள், நார்சிஸாவே அப்படிப்பட்டவர்தான், இளம்பெண்கள் பலர் இதை ஒரு சாகசமாக எழுதியிருக்கிறார்கள். ஆனால் கையில் நாலு பிள்ளை, வயிற்றில் ஒன்று என்று இருந்தவர்களின் எழுத்தில் அந்தத் துள்ளல் குறைவு.

அவர்களுடைய நாள் எப்படிப் போனது என்று பார்க்கலாம். விடியற்காலை நாலு மணிக்கு எழுந்து நெருப்பு மூட்ட வேண்டும். பிளாட் சமவெளியில் மரம் கிடையாது, விறகும் கிடையாது. அங்கே கிடைத்தது காட்டெருமைச் சாணி, வெயிலில் காய்ந்து வட்ட வட்டமாகக் கிடக்கும். நமக்கு வரட்டி புதிதல்ல, யாரும் மூக்கைப் பிடிக்க மாட்டோம். ஆனால் இல்லினாயிலும் ஓஹையோவிலும் கட்டை எரித்துச் சமைத்த பெண்களுக்கு அது பெரிய அதிர்ச்சி. முதலில் இரண்டு விரலால் தூக்கினார்கள், பிறகு துணியால் பிடித்து, அப்புறம் ஒரு வாரத்தில் மடிநிறையப் பொறுக்கிக்கொண்டு வந்து கொட்டிவிட்டு அதே கையால் மாவு பிசைந்தார்கள். நன்றாக எரியும், வாடையும் அதிகம் இல்லை, ஆனால் சீக்கிரம் சாம்பலாகிவிடும், ஒரு வேளை சமையலுக்குக் கூடைக்கணக்கில் வேண்டும். மழை பெய்து நனைந்துவிட்டால் அன்றைக்கு அடுப்பே இல்லை, பழைய ரொட்டிதான்.

சமையலுக்கு ஒரு கனமான இரும்புச் சட்டி, மூடிக்கு விளிம்பு கட்டியிருக்கும், மூடிமேலும் தணலைப் போட்டால் உள்ளே ரொட்டி வெந்துவிடும். சமவெளிக் காற்றில் தணல் பறக்காமல் இருக்கத் தரையில் நீளமாகக் குழி வெட்டி அதற்குள் நெருப்பு. குனிந்தே நிற்க வேண்டும், தரையைத் தொடுகிற பாவாடை நெருப்புக்குப் பக்கத்திலேயே ஆடும். இண்டிபெண்டன்ஸ் ராக் பக்கம் சோடா உப்புக் கலந்த குட்டைகள் வற்றி வெள்ளையாகப் பூத்துக் கிடக்கும். அந்த வெள்ளைப் பொடியைச் சுரண்டி வாளியில் அள்ளிவைத்துக்கொண்டு ஆப்பசோடா மாதிரி ரொட்டி உப்பப் பயன்படுத்தினார்கள். காலையில் கறந்த பாலை மூடிய பாத்திரத்தில் ஊற்றி வண்டியில் தொங்கவிட்டால் குலுங்கிய குலுக்கலில் சாயங்காலம் வெண்ணெய் திரண்டிருக்கும். வில் இல்லாத வண்டியால் கிடைத்த ஒரே லாபம் அதுதான் என்று நினைக்கிறேன்.

ஆண்களுக்கு வேலை இல்லை என்று சொல்ல வரவில்லை. மாடு மேய்ப்பது, ராக்காவல், ஆற்றில் வண்டி இறக்குவது, அச்சு முறிந்தால் சரிசெய்வது எல்லாம் முதுகை ஒடிக்கிற வேலைகள். ஆனால் பகல் நடை முடிந்து முகாம் போட்டால் ஆணின் வேலை பெரும்பாலும் முடிந்தது, பெண்ணின் வேலை அப்போதுதான் தொடங்கும். கூடவே, ஓட்ட ஆள் இல்லாவிட்டால் மாடு ஓட்டுவதும் அவள்தான், கணவன் காய்ச்சலில் படுத்துவிட்டால் எல்லாமே அவள்தான். அவள் வேலையை அவன் செய்தது அபூர்வம். துவைக்க வாரத்தில் ஒரு நாள் நிற்க வேண்டும் என்று பெண்கள் கேட்பார்கள், புல்லும் தண்ணீரும் இருந்தால் நிற்பார்கள், இல்லாவிட்டால் மூன்று வாரத்து அழுக்கு அப்படியே போகும். சோடா உப்புத் தண்ணீரில் துவைத்துத் துவைத்துக் கை வெடித்துவிடும். மறைவு என்று சொல்ல ஒரு செடி இல்லாத வெட்டவெளியில் ஒதுங்க வேண்டுமென்றால், மற்றப் பெண்கள் சுற்றி நின்று பாவாடையை விரித்துப் பிடித்துக்கொள்வதுதான் மறைப்பு என்று சொல்வதுண்டு. கூட்டத்தில் வேறு பெண் இல்லாமல் போய்விடக்கூடாதே என்று சிலர் பயந்ததில் ஆச்சரியம் இல்லை.

அமீலியா ஸ்டூவர்ட் நைட் என்பவரின் நாட்குறிப்பு பின்னாளில் அச்சில் வந்திருக்கிறது. 1853 ஏப்ரல் 9-ஆம் தேதி அயோவாவிலிருந்து கணவர், ஏழு பிள்ளைகளோடு கிளம்புகிறார். மழை, சேறு, நனைந்த படுக்கை, பிள்ளைகளுக்குச் சளி, மாடு செத்தது, ஆறு தாண்டினோம் என்று தினம் நாலு வரி. சின்னப்பையன் சாட்ஃபீல்ட் ஓடுகிற வண்டியிலிருந்து சக்கரத்தருகே விழுந்து தப்புகிறான், கொஞ்ச நாளில் மறுபடியும் விழுகிறான். ஆகஸ்டில் ஒரு நாள் முகாமைக் கிளப்பிக்கொண்டு சில மைல் போய், மாட்டை நிறுத்தி இளைப்பாறும்போது பின்னால் வேறொரு வண்டிக்கூட்டம் வந்து நிற்கிறது, அதில் இவர்களுடைய மகள் லூசி உட்கார்ந்திருக்கிறாள். அதுவரை அவள் கூட இல்லை என்பதே யாருக்கும் தெரியாது. ஆற்றங்கரையில் உட்கார்ந்து மற்ற வண்டிகள் ஆறு கடப்பதை வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாள், அம்மா அவள் வேறொருவர் வண்டியில் இருப்பதாக நினைத்திருக்கிறார். கல்நெஞ்சத் தாய் என்று யாராவது நினைத்தால், ஏழு பிள்ளைகளோடு ஒரு கல்யாணத்துக்குப் போய்வந்து பிறகு பேசட்டும்.

இந்த நாட்குறிப்பின் பெரிய வியப்பு கடைசியில் வருகிறது. ஐந்து மாதங்களுக்குமேல் எழுதிவந்த பக்கங்களில் எங்கேயும் சொல்லாத ஒன்றைப் போகிற போக்கில் ஒரு வரியில் சொல்கிறார்: சில நாள் கழித்து எட்டாவது குழந்தை பிறந்தது. அவ்வளவுதான். முழுப் பயணமும் வயிற்றுப்பிள்ளையோடு. பிறந்த குழந்தையோடு கொலம்பியா ஆற்றைப் படகிலும் தோணியிலும் கடக்க மூன்று நாள் ஆகிறது. கணவர் இரண்டு ஜோடி எருதுகளைக் கொடுத்து 320 ஏக்கர் நிலத்தை வாங்குகிறார், அதில் அரை ஏக்கர் உருளைக்கிழங்கு போட்டிருக்கிறது, சன்னல் இல்லாத ஒரு மரக்குடில்.

அமீலியா விதிவிலக்கும் இல்லை. பயணத்தில் ஐந்து பெண்களில் ஒருத்தியாவது பிள்ளைத்தாய்ச்சி என்று இந்த நாட்குறிப்புகளை ஆராய்ந்தவர்கள் கணிக்கிறார்கள். கர்ப்பத்தை எழுத்தில் சொல்வது அன்று நாகரிகமில்லை, அதனால் நோவு, சுகமில்லை என்று மறைமுகமாக இருக்கும், பிறகு திடீரென்று ஒரு குழந்தை வரும். வண்டி ஒரு நாள் நிற்கும், சில சமயம் சில மணிநேரம். 1846-இல் ஓரிகனுக்குப் போன ஒரு குடும்பத்தில், வண்டியில் தொங்கிய மருந்துப் புட்டியை ஒரு சிறுமி எடுத்துக் குடித்துவிட்டாள். அது லாடனம், அபின் கலந்த மருந்து, எல்லா வண்டியிலும் வலிக்கும் வயிற்றுப்போக்குக்கும் வைத்திருப்பார்கள். என்னமோ செய்கிறது என்று அம்மாவிடம் போனாள், அம்மா ராச்சாப்பாடு செய்துகொண்டிருந்தார், போய்ப் படு என்று அனுப்பிவிட்டார். பிறகு எழுப்பியபோது எழவில்லை. மூன்று நாள் கழித்து அதே தாய்க்கு வழியில் இன்னொரு பெண்குழந்தை பிறந்தது. பருவம் தவறிவிட்டதால் ஒரு நாள்கூடத் தங்க முடியாது என்று ஆண்கள் சொல்லிவிட்டார்கள், சில மணிநேரத்தில் வண்டி கிளம்பியது. உடன் இருந்த அக்கா வயதான பிறகு சொன்ன நினைவு இது.

சாவைப் பற்றிப் பேசினால் காலராவைத்தான் முதலில் பேச வேண்டும். 1849 முதல் 1853 வரை, குறிப்பாக 1850-இலும் 1852-இலும், பிளாட் ஆற்றுப் பாதையே சுடுகாடாக இருந்தது. ஆயிரக்கணக்கான வண்டிகள் ஒரே தடத்தில், ஒரே முகாம்களில், ஒருவர் கழித்த இடத்துக்குப் பக்கத்தில் அடுத்தவர் ஆழமில்லாத ஊற்றுத் தோண்டித் தண்ணீர் குடித்தார்கள். காலையில் நன்றாக இருந்தவர் சாயங்காலம் போய்ச்சேர்ந்தார். நோய் தண்ணீரில் வருகிறது என்பதை லண்டனில் ஜான் ஸ்னோ என்ற மருத்துவர் தெருக்குழாய் ஒன்றை வைத்துக் காட்டியது 1854-இல்தான், இவர்களுக்கு அது எப்படித் தெரியும்? கெட்ட காற்று, கெட்ட சாப்பாடு என்று நினைத்தார்கள். அதிலும் ஒரு விநோதம்: கலங்கலான, நாற்றமடித்த தண்ணீரைக் குடிக்க முடியாமல் காப்பியாகக் கொதிக்க வைத்துக் குடித்தவர்கள், குழந்தைகளுக்கும் அதையே கொடுத்தவர்கள், தங்களுக்கே தெரியாமல் தங்களைக் காப்பாற்றிக்கொண்டார்கள்.

பெண்களின் நாட்குறிப்புகளில் புதைகுழிக் கணக்கு இருக்கும். இன்று இத்தனை, நேற்று இத்தனை, இதில் புதியது இத்தனை என்று. ஆண்கள் பெரும்பாலும் மைல் கணக்கு எழுதினார்கள். பல குழிகளைப் பாதையின் நடுவிலேயே வெட்டினார்கள். ஓநாய் தோண்டாமல் இருக்க, மண்ணைத் தள்ளி மூடிவிட்டு மொத்த வண்டிகளையும் அதன்மேலேயே ஓட்டி இறுக்கிவிட்டுப் போவார்கள். சவப்பெட்டிக்குப் பலகை ஏது? ஊரில் அக்கம்பக்கத்துப் பெண்கள் ஆளுக்கொரு சதுரம் தைத்துப் பெயரெழுதிக் கொடுத்தனுப்பிய ஒட்டுத்துணிப் போர்வை எத்தனையோ பேருக்குக் கடைசியில் சவத்துணியானது.

அடையாளம் தெரிந்து மிஞ்சிய குழிகள் ரொம்பச் சில. அதில் ஒன்று நெப்ராஸ்காவில் ஸ்காட்ஸ் பிளஃப் பக்கத்தில் இருக்கிறது. ரெபெக்கா வின்டர்ஸ், யூட்டாவுக்குப் போய்க்கொண்டிருந்த, மார்மன் என்ற மதப்பிரிவைச் சேர்ந்த குடும்பத்துப் பெண், 1852 ஆகஸ்ட் 15-ஆம் தேதி காலராவில் இறந்தார். கூட வந்த ஒருவர் ஒரு வண்டிச் சக்கரத்தின் இரும்புப் பட்டையை எடுத்து, அதில் உளியால் அவர் பெயரையும் 50 வயது என்பதையும் வெட்டி, வளைவாகக் குழிமேல் நட்டார். மரப்பலகை நட்டவர்களின் பலகையெல்லாம் அடுத்துவந்த வண்டிக்காரர்களுக்கு விறகாகப் போயிற்று. இரும்பு எரியாது. கிட்டத்தட்ட ஐம்பது வருஷம் கழித்து, 1899-இல், ரயில் பாதைக்கு நிலம் அளந்தவர்கள் அந்தப் பட்டையைக் கண்டார்கள், பெயர் அப்போதும் தெளிவாக இருந்தது. தண்டவாளத்துக்குப் பக்கத்திலேயே அந்தக் குழி இருந்துவந்தது, 1995-இல் பாதுகாப்புக்காகக் கொஞ்சம் தள்ளி மாற்றினார்கள்.

செவ்விந்தியர் தாக்குதல்? ஒரு வரலாற்றாளர் கிடைத்த ஆவணங்களையெல்லாம் வைத்து எண்ணியபோது 1840 முதல் 1860 வரை இருபது ஆண்டுகளில் பாதையில் பூர்வகுடிகளால் கொல்லப்பட்ட பயணிகள் 362, பயணிகளால் கொல்லப்பட்ட பூர்வகுடிகள் 426. வண்டிகளை வட்டமாக நிறுத்தியது பெரும்பாலும் மாடு ஓடிவிடாமல் இருக்கத்தான். முதல் வருஷங்களில் ஆற்றைக் கடக்க வழிகாட்டியவர்களும், வண்டியை நீந்தி இழுத்தவர்களும் பூர்வகுடிகள்தான், கூலிக்கு. பெண்களுக்கிடையே பண்டமாற்று நடந்தது, பழைய சட்டைக்கும் ஊசிக்கும் சால்மன் மீன், தோல் செருப்பு. இதெல்லாம் பயத்தோடு நடந்ததுதான், பயம் இரண்டு பக்கமும் இருந்தது. பையூட் என்ற பூர்வகுடி இனத்தைச் சேர்ந்த சாரா வின்னமுக்கா 1883-இல் வெளியிட்ட தன்வரலாற்றில் ஒரு காட்சி சொல்கிறார்: வெள்ளையர் வருகிறார்கள், அவர்கள் மனிதர்களைத் தின்பவர்கள் என்று கேள்விப்பட்டு, குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஓட முடியாத தாய், சிறுமி சாராவைக் கழுத்துவரை மண்ணில் புதைத்து, முகத்தில் வெயில் படாமல் செடியை வைத்து மறைத்துவிட்டு ஓடினாள். இரவில் திரும்பிவந்து தோண்டி எடுத்தாள். மேற்குப் பயணத்தில் தாய்மார்கள் பட்ட பாடு என்று எழுதுகிறவர்கள் இந்தத் தாயை விட்டுவிடக்கூடாது.

மனிதரைத் தின்கிறார்கள் என்ற அந்தப் பேச்சு வெறும் வதந்தியும் அல்ல. 1846-இல் கலிஃபோர்னியாவுக்குக் கிளம்பிய டானர் குழு என்ற வண்டிக்கூட்டம், 87 பேர், குறுக்கு வழி என்று நம்பிப் போய்த் தாமதமாகி, சியரா நெவாடா மலையில் பனியில் மாட்டிக்கொண்டது, இறந்தவர்களைத் தின்று சிலர் உயிர்பிழைத்தார்கள். அமெரிக்காவில் அந்தக் கதை எல்லாருக்கும் தெரியும். அதில் பலர் கவனிக்காதது, பிழைத்தவர்கள் யார் என்பது. உதவி தேடிப் பனிச்செருப்புக் கட்டி மலையைத் தாண்டப் போன 15 பேரில் ஆண்கள் பத்து, பெண்கள் ஐந்து. முப்பத்துச்சொச்சம் நாள் கழித்து மறுபக்கம் வந்தவர்கள் இரண்டே ஆண்கள், ஆனால் அந்த ஐந்து பெண்களும். மொத்தக் குழுவிலும் ஆண்களில் பெரும்பாலோர் இறந்தார்கள், பெண்களிலும் பிள்ளைகளிலும் பெரும்பாலோர் பிழைத்தார்கள். பெண்ணுடம்பின் கொழுப்பு, குறைந்த பசி, அதுவரை மரம் வெட்டிப் பாதை போட்டே ஆண்கள் ஓய்ந்துபோயிருந்தது என்று பல விளக்கங்கள். பதின்மூன்று வயது வர்ஜீனியா ரீட் பிழைத்துவந்து உறவுக்காரப் பெண்ணுக்கு எழுதிய கடிதத்தில் சொன்ன புத்திமதி: குறுக்கு வழியில் மட்டும் போகாதே, சீக்கிரமாக நட.

வெள்ளைப் பெண்களை மட்டுமே சொல்லிக்கொண்டு போவதும் சரியில்லை. பிடி மேசன் என்ற கறுப்பினப் பெண், அடிமை, 1848-இல் தன் எஜமானனின் வண்டிகளுக்குப் பின்னால் மாடுகளை ஓட்டிக்கொண்டு மிசிசிப்பியிலிருந்து யூட்டா வரை நடந்தார், கூட மூன்று பெண்குழந்தைகள், ஒன்று கைக்குழந்தை. 1851-இல் அங்கிருந்து கலிஃபோர்னியா. கலிஃபோர்னியா அடிமைமுறை இல்லாத மாநிலம், எஜமானன் அவர்களை டெக்ஸஸுக்குக் கடத்திப்போகப் பார்த்தபோது வழக்கு நடந்து 1856-இல் லாஸ் ஏஞ்சலிஸ் நீதிமன்றத்தில் விடுதலை கிடைத்தது. மருத்துவச்சியாகச் சம்பாதித்து 1866-இல் 250 டாலருக்கு நகர் நடுவில் நிலம் வாங்கினார். அதே காலத்தில் ஓரிகனில் கறுப்பினத்தவர் குடியேறுவதையே சட்டம் தடுத்தது.

நிலம் என்று வந்துவிட்டதால், 1850-ஆம் ஆண்டின் ஓரிகன் நிலக்கொடைச் சட்டம். இது சுவாரசியமான சட்டம். தனி ஆணுக்கு 320 ஏக்கர், கல்யாணமானவர்களுக்கு 640, அதில் பாதி மனைவியின் சொந்தப் பெயரில். நாட்டின் மற்ற இடங்களில் மனைவிக்குத் தனிச் சொத்து என்பதே சண்டையாக இருந்த நேரத்தில் இது பெரிய விஷயம். 1850 டிசம்பருக்குப் பிறகு வந்தவர்களுக்கு இதில் பாதி, 1855-இல் சட்டம் முடிவுக்கு வந்தது, அதன்கீழ் மொத்தம் 7,437 பேருக்குப் பட்டா கிடைத்தது. அந்த நிலத்தில் அதுவரை இருந்த கலப்பூயா, மொலாலா என்ற பூர்வகுடி மக்களிடம் ஒழுங்கான ஒப்பந்தம் எதுவும் முடியும் முன்பே அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் அதைக் கொடுத்துவிட்டது. இன்னொரு பக்கவிளைவு: மனைவி என்றால் கூடுதல் நிலம். பிரம்மச்சாரிகள் பெண் தேடி அலைந்தார்கள், பன்னிரண்டு, பதின்மூன்று, பதினாலு வயதுச் சிறுமிகளுக்குக் கல்யாணம் நடந்தது. நிலம் தன் பெயரில் இருக்கும் மணப்பெண், பொம்மை விளையாடும் வயதில்.

அபிகேல் ஸ்காட் 1852-இல் இந்தப் பாதையில் வந்தபோது 17 வயது. இல்லினாயில் அவருடைய அம்மா ஆன் பன்னிரண்டு பிள்ளை பெற்று உடம்பு ஓய்ந்துபோனவர், கிளம்ப அவருக்கு விருப்பமே இல்லை, அப்பா முடிவெடுத்துவிட்டார். ஒன்பது பிள்ளைகளோடு கிளம்பினார்கள். பயணத்தின் நாட்குறிப்பை எழுதும் வேலையை அப்பா அபிகேலுக்குக் கொடுத்தார், மற்றப் பிள்ளைகளுக்கு வேறு வேலைகள். ஜூன் 20-ஆம் தேதி, ஃபோர்ட் லாரமிக்கு அப்பால், அம்மா காலராவில் இறந்ததை அவரேதான் அதில் எழுத வேண்டியிருந்தது. ஆகஸ்டில் கடைசித் தம்பி வில்லியும் போனான்.

ஓரிகனில் அடுத்த வருஷமே பென் டனிவே என்பவரைக் கல்யாணம் செய்துகொண்டார். பிள்ளைகள், பண்ணை, ஓயாத வேலை. கணவர் நல்ல மனிதர், ஆனால் நண்பருக்காகக் கடன் பத்திரங்களில் கையெழுத்துப் போட்டுவைத்தார், மனைவியைக் கேட்கவில்லை, கேட்க வேண்டிய அவசியமும் சட்டத்தில் இல்லை. நண்பர் கடனைக் கட்டவில்லை, பண்ணை போய்விட்டது. பிறகு பென் ஒரு விபத்தில் அடிபட்டுக் கடின வேலைக்கு லாயக்கில்லாமல் போக, பள்ளிக்கூடம் நடத்தியும் பெண்கள் தொப்பிக் கடை வைத்தும் குடும்பத்தைச் சம்பாதித்துக் காப்பாற்றியது அபிகேல். கடைக்கு வரும் பெண்கள் தொப்பி வாங்கிக்கொண்டே தங்கள் கதையைச் சொல்வார்கள்: கணவன் வீட்டுச் சாமானை விற்றுவிட்டு ஓடிவிட்டான், வெண்ணெய் விற்ற காசையும் எடுத்துக்கொண்டான். 1871-இல் போர்ட்லாந்தில் சொந்தமாகப் பத்திரிகை தொடங்கி, பெண்களுக்கு ஓட்டுரிமை கேட்டு எழுத ஆரம்பித்தார்.

ஓரிகன் ஆண்கள் இந்தக் கேள்விக்கு 1884, 1900, 1906, 1908, 1910 என்று ஐந்து முறை ஓட்டுப் போட்டு முடியாது என்றார்கள். எதிர்த்து எழுதியவர்களில் முக்கியமானவர் போர்ட்லாந்தின் பெரிய நாளிதழ் ஆசிரியர் ஹார்வி ஸ்காட், அபிகேலின் சொந்தத் தம்பி, அம்மாவைப் புதைத்தபோது கூட இருந்தவர். 1912-இல் ஆறாவது முறை வென்றது. பெண்களுக்கு ஓட்டுரிமை வந்ததை அறிவிக்கும் பிரகடனத்தை எழுதித் தரும்படி ஆளுநர் ஆஸ்வால்ட் வெஸ்ட் 78 வயது அபிகேலைக் கேட்டுக்கொண்டார், அவர் அதைத் தன் கைப்பட எழுதி, ஆளுநரோடு கையெழுத்தும் போட்டார்.